குழந்தையும் கூலியும்

நம்மிடையே திரைப்பட விமரிசனம் எழுதுவோர் கதையை ஆராய்வர்; உரையாடலை எடைபோடுவர்; இசையும் ஒளிப்பதிவும் எவ்வாறு அமைந்தன என்று கூறுவர். கதாநாயகனின் நடிப்பைப் பற்றி ஒரு பக்கம் எழுதிய பேனா, படத்தில் தோன்றும் குழந்தையிடம் வந்தவுடன் ஒரே வாக்கியத்தில் நின்றுவிடும்: ‘மழலைச் செல்வம் உள்ளத்தைக் கொள்ளை கொள்கிறது.’ அரை நூற்றாண்டுக்கு மேலாக இந்த வாக்கியமே, குழந்தையின் பெயரை மட்டும் மாற்றிக்கொண்டு, திரும்பத் திரும்ப அச்சேறி வந்திருக்கிறது. நடிப்பு ஒரு கலை என்பதையும், கலை உழைப்பின் விளைவு என்பதையும் ஏற்றுக்கொள்ளும் முற்போக்காளர்கூட, அந்தக் குழந்தை காமிராவின் முன் செய்தது உழைப்பு என்பதை எண்ணிப் பார்ப்பதில்லை. பூ மலர்வதைப் போல், குயில் கூவுவதைப் போல் அது தானாக நிகழ்ந்ததென்று கருதிவிடுகிறோம்.

இக்கருத்து எத்துணைப் பிழையானது, அதனால் யாருக்கு ஆதாயம், யாருக்கு இழப்பு என்பதை ஒரு கலைஞரின் வாழ்க்கையை முன்வைத்து ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம். அக்கலைஞர் குட்டி பத்மினி. 1960களில் தமிழ்த் திரையில் குழந்தை நட்சத்திரமாக விளங்கியவர்; வளர்ந்தபின் துணைப் பாத்திரங்களில் நடித்தவர்; தொலைக்காட்சி வந்தபின் தொடர்களைத் தயாரிப்பவராக உயர்ந்தவர். திரையிலும் தொலைக்காட்சியிலுமாக ஐம்பதாண்டுகளுக்கு மேல் நீண்ட இந்த வாழ்க்கையில், குழந்தை நடிகர் என்ற உழைப்பாளியைப் பற்றி நாம் அறிந்துகொள்ள வேண்டியவை பலவுண்டு.

‘குழந்தையும் தெய்வமும் கொண்டாடும் இடத்திலே’ என்பது நம் பழமொழி. அதன் முற்பாதியைத் தலைப்பாகக் கொண்டு 1965இல் ஏ.வி.எம். நிறுவனத்தார் ஒரு படத்தை வெளியிட்டனர். கிருஷ்ணன் – பஞ்சு இருவரும் இயக்கிய அப்படத்தில் ஜெய்சங்கரும் ஜமுனாவும் பெற்றோராக நடித்தனர். அவர்களுடைய இரட்டைப் பெண்களாக இரு வேடங்களில் நடித்தவர், அப்போது பத்து வயதும் நிரம்பாத குட்டி பத்மினி. அவ்வாண்டின் சிறந்த தமிழ்ப் படமாக அது இந்திய அரசின் தேசிய விருதையும் பெற்றது. குட்டி பத்மினியின் பெயர் தமிழ் மக்கள் வாழும் இடமெங்கும் பரவியது அப்படத்தினால்தான்.

கதை எளிமையானது. செல்வச் செருக்கு கணவன் மனைவியைப் பிரிக்கிறது. இரட்டையருள் ஒருத்தி தாயிடமும் மற்றொருத்தி தந்தையிடமும் வளர்கின்றனர். ஒருவரை ஒருவர் அறியாதிருந்த சகோதரிகள் தற்செயலாகச் சந்திக்கின்றனர், இடம் மாறிக்கொள்கின்றனர், பிரிந்த பெற்றோரை ஒன்றுசேர்க்கின்றனர். இக்கதையின் ஊற்று ஜெர்மன் எழுத்தாளர் எரிஹ் கேஸ்ட்னர் 1949இல் வெளியிட்ட சிறுவர் நாவல். அதை வால்ட் டிஸ்னி நிறுவனம் 1961இல் ஆங்கிலப் படமாக்கிற்று. பின்னரே அது சென்னைக்கு வந்து தமிழுடை அணிந்தது.

இப்படத்தில் குழந்தை நடிகைக்கு விதிக்கப்பட்ட வேலை யாது என்பதைச் சற்று நிதானமாகப் பார்ப்போம். இரட்டை வேடம் என்று நாம் இலேசாகச் சொல்லிவிடுகிறோம். உண்மையில் அச்சிறுமி ஏற்றவை நான்கு வேடங்கள். வசதியில் வளர்ந்த பெண் ஒன்று. எளிமையில் வளர்ந்த பெண் மற்றொன்று. முதலாமவள் இரண்டாமவளாகப் பாசாங்கு செய்வது மூன்று. இரண்டாமவள் முதலாமவளாகப் பாசாங்கு செய்வது நான்கு. பாசாங்கு வெளிப்பட்டுவிடுமோ என்ற அச்சத்தை நமக்குக் காட்ட வேண்டும். உடனிருக்கும் பாத்திரத்துக்கு மறைக்க வேண்டும். தேர்ந்த நடிகரையும் திணறவைக்கும் வேலை இது. அக்காலத்துத் தொழில்நுட்பமும் இந்தப் பாரத்தை இரட்டிப்பாக்கிற்று. சகோதரிகள் இருவரும் ஒரே சட்டத்தில் தோன்ற வேண்டுமாயின், காமிராவை அசையாது நிறுத்தி, வில்லையின் ஒரு பாதியை மறைத்து ஒருமுறை படம் பிடிப்பர். பின்னர் உடை மாற்றி, மறுபாதியை மறைத்து அதே படச்சுருளில் மீண்டும் பிடிப்பர். ஆகவே அச்சிறுமி எதிரே எவருமில்லாத வெற்றிடத்தைப் பார்த்துப் பேச வேண்டும். பேசாத சகோதரியின் மறுமொழிக்குரிய நேரத்தை மனத்தில் எண்ணிக் காத்திருக்க வேண்டும். பிறகு மறுபக்கம் நின்று, சற்றுமுன் தான் பேசியவற்றுக்குத் தானே பதில் சொல்ல வேண்டும். அத்தனையும் கொதிக்கும் விளக்குகளின் கீழ். இதனை ‘மழலை’ என்ற ஒரு சொல்லால் மூடிவிடுவது அறிவுடைமையாகுமா?

மூடிவிடுவதில் ஒரு வசதி இருக்கிறது. குழந்தையைத் தெய்வமென்று கூறிவிட்டால் அதனிடம் கணக்குப் பேச வேண்டியதில்லை. தெய்வத்துக்கு மாலை உண்டு, கூலி உண்டோ? தெய்வத்துக்கு வேலை நேரம் உண்டோ? ஓய்வு நாள் உண்டோ? பழமொழியின் பிற்பாதியைப் படமுதலாளிகள் நன்கு கடைப்பிடித்தனர், குழந்தையைக் கொண்டாடினர். கொண்டாட்டத்தின் நடுவே, அக்குழந்தை அன்றைக்கு எத்தனை மணி நேரம் நின்றது, பாடசாலைக்கு எத்தனை நாள் போகவில்லை, அதன் பெயரில் எவ்வளவு பணம் சேர்ந்தது என்ற கேள்விகள் எவருடைய வாயிலிருந்தும் எழவில்லை.

படத்தின் கருத்தும் இதற்கு உடந்தையாகவே நிற்கிறது. செல்வச் செருக்கைக் கண்டிக்கும் படம் என்ற அளவில் அது பாராட்டத்தக்கது. ஆயினும் செருக்கு எங்கிருந்து பிறந்தது, சொத்து மனித உறவை ஏன் அரிக்கிறது என்ற இடத்துக்கு அது நம்மை அழைத்துச் செல்வதில்லை. ஒரு பணக்காரியின் தீய குணமே எல்லாவற்றுக்கும் காரணமென்று காட்டிவிட்டு, அக்குணத்தைத் திருத்தும் பொறுப்பைக் குழந்தைகளின் தலையில் ஏற்றுகிறது. பெரியோர் செய்த பிழைக்குச் சிறியோர் அழுது, பட்டினி கிடந்து, தெய்வத்தை வேண்டிப் பரிகாரம் தேடுவது தமிழ்ப் படங்களின் நீண்டகால மரபு. கதைக்குள் குழந்தை பெற்றோருக்காக உழைக்கிறது; கதைக்கு வெளியே படமுதலாளிக்காக உழைக்கிறது. முதல் உழைப்பைக் கண்டு கண்ணீர் சொரிந்த நமக்கு இரண்டாவது உழைப்பு கண்ணில் படவேயில்லை.

இவ்விடத்தில் பழைய சான்று ஒன்றை நினைவுகூர்தல் தகும். 1937இல் கே. சுப்பிரமணியம் எடுத்த ‘பாலயோகினி’ சாதிக் கொடுமையையும் விதவைகளின் அவலத்தையும் எதிர்த்து எழுந்த துணிகரமான படம். அதில் பேபி சரோஜா சமூகத்தின் மனச்சாட்சியாகத் தோன்றினார். குழந்தை அங்கே கேள்வி கேட்டது. பெரியோரின் பொய்மையைக் குடைந்தது. அப்படத்தைக் கண்ட பெற்றோர் தம் பெண்களுக்குச் சரோஜா என்று பெயரிட்டு மகிழ்ந்தனர். கேள்வி கேட்ட குழந்தை, முப்பதாண்டுகளுக்குள் பிரார்த்தனை செய்யும் குழந்தையாக மாறிவிட்டது. தமிழ்ச் சினிமா நாட்டின் மறுமலர்ச்சி இயக்கங்களிலிருந்து விலகிச் சந்தையை நோக்கி நகர்ந்த வரலாற்றின் ஓர் அடையாளம் இது.

சந்தை எவ்வாறு இயங்குகிறது என்பதற்கும் நாம் பேசும் படமே சான்று பகரும். தமிழில் வென்ற கதை 1966இல் ‘லேத்த மனசுலு’ என்று தெலுங்குக்குப் போயிற்று. அங்கும் குட்டி பத்மினியே இரு வேடங்களில் நடித்தார். 1968இல் ‘தோ கலியான்’ என்று இந்திக்குப் போனபோது, பிற்காலத்தில் நீத்து சிங் என்று புகழ்பெற்ற சிறுமி அவ்விடத்தில் அமர்ந்தார். கதை நிலைத்திருந்தது, நிறுவனம் நிலைத்திருந்தது, குழந்தை மாறிற்று. மாறாதிருக்கவும் இயலாது. எந்திரம் தேயும், மாற்றுறுப்பு வாங்கலாம். குழந்தை வளரும், வேறு குழந்தை தேடலாம். வளர்தல் என்பது உலகிலுள்ள எல்லாக் குழந்தைகளுக்கும் பேறு. குழந்தை நடிகருக்கு மட்டும் அது வேலையிழப்பு.

திரைப்படம் தோன்றுவதற்கு முன்பே இத்தொழில் நம்மிடம் இருந்ததென்பதை மறத்தலாகாது. சங்கரதாஸ் சுவாமிகள் 1918இல் மதுரையில் பாலர் நாடகசபை ஒன்றை அமைத்தார். தி.க. சண்முகமும் அவர் உடன்பிறந்தாரும் சிறுவராக அதிலே சேர்ந்தனர். ‘பாய்ஸ் கம்பெனி’ எனப்பட்ட இத்தகைய குழுக்கள் தமிழகமெங்கும் சுற்றின. கண்டிச் சீமையில் பிறந்து, தந்தையை இழந்து, தாயுடனும் தமையனுடனும் தமிழகம் சென்ற எம்.ஜி. இராமச்சந்திரன் வறுமையின் காரணமாகவே அத்தகைய கம்பெனி ஒன்றில் சேர்ந்தார். சிவாஜி கணேசனும் அவ்வழியே வந்தவர். பாடசாலை செய்ய வேண்டிய பணியையும் வீடு போட வேண்டிய சோற்றையும் கம்பெனியே பொறுப்பேற்றது. அங்கே அடியும் உண்டு, கட்டுப்பாடும் உண்டு, பசியும் உண்டு. ஆனால் பாட்டு, வசன உச்சரிப்பு, உடலசைவு என்று ஒரு முறையான பயிற்சியும் உண்டு. சிறுவன் வளர்ந்து குரல் உடைந்தபோதும், கற்ற வித்தை அவனைக் கைவிடவில்லை. சினிமா, கம்பெனியிடமிருந்து சிறுவனை எடுத்துக்கொண்டது; பயிற்சியை அங்கேயே விட்டுவிட்டது. காமிராவுக்கு வேண்டியது அன்றைய முகம். நாளைய நடிகரைப் பற்றி அதற்குக் கவலையில்லை.

வளர்ந்த குழந்தைகள் என்ன ஆயினர்? மூவரை ஒப்பிட்டுக் காண்போம்.

கமல்ஹாசன் 1960இல் ‘களத்தூர் கண்ணம்மா’வில் ஐந்து வயதுச் சிறுவனாக அறிமுகமானவர். மூன்று நான்கு ஆண்டுகளில் சில படங்களில் நடித்தபின், வளரும் பருவத்தில் தி.க. சண்முகத்தின் நாடகக் குழுவில் சேர்ந்தார், நடனம் கற்றார், நடன உதவியாளராகப் பணிபுரிந்தார். 1973இல் ‘அரங்கேற்ற’த்தின் வாயிலாக வாலிபராகத் திரும்பி வந்தார். சங்கரதாஸ் சுவாமிகளிடம் சிறுவராகப் பயின்றவர், அரை நூற்றாண்டு கழித்து இன்னொரு சிறுவருக்கு ஆசானானார் என்பது நாடக வரலாற்றில் குறிப்பிடத்தக்க செய்தி. சினிமா கொடுக்காத பயிற்சியை நாடகம் கொடுத்தது. பிற்காலத்தில் 2017 முதல் சில ஆண்டுகள் ‘பிக் பாஸ்’ என்னும் தொலைக்காட்சி நிகழ்ச்சியையும் அவர் நடத்தினார்.

ஸ்ரீதேவி 1963இல் பிறந்தவர். 1969இல் ‘துணைவன்’ படத்தில் பால முருகனாகத் தோன்றினார். 1971இல் ‘பூம்பாட்டா’ என்ற மலையாளப் படத்துக்காகக் கேரள அரசின் சிறந்த குழந்தை நட்சத்திர விருதைப் பெற்றார். 1976இல் கே. பாலசந்தரின் ‘மூன்று முடிச்சு’ வெளிவந்தபோது அவருக்கு வயது 13. அப்படத்தில் அவர் ஏற்றது, காதலனை இழந்து, வயது முதிர்ந்த ஒருவரை மணந்து, தன்னை விரும்பிய இளைஞனுக்குச் சிற்றன்னையாகும் பெண்ணின் வேடம். காதலனாக நடித்தவர் கமல்ஹாசன். அவருக்கு அப்போது வயது 21. இருவரும் வழக்கறிஞர் வீட்டுப் பிள்ளைகள். இருவரும் ஐந்து ஆறு வயதில் திரைக்கு வந்தவர்கள். ஆகவே வர்க்க நிலையில் பெரிய வேறுபாடு கூறுவதற்கில்லை. ஆண்பிள்ளைக்கு வளர்வதற்குப் பத்தாண்டு கிடைத்தது. பெண்பிள்ளைக்கு அந்த அவகாசம் கிடைக்கவில்லை. ஏழாண்டுகளில் பால முருகன் மணப்பெண்ணாக்கப்பட்டார். ஸ்ரீதேவியின் ஆற்றல் அப்பாரத்தையும் தாங்கிற்று; இந்தியா போற்றும் நடிகையாக அவரை உயர்த்திற்று. எனினும் தாங்கியவரின் வலிமையைப் புகழ்வதற்காக, பாரம் ஏற்றியவரின் செயலை நியாயப்படுத்தலாகாது.

குட்டி பத்மினி இவ்விரு வழிகளிலும் செல்லவில்லை. வளர்ந்தபின் கதாநாயகிக்குரிய இடம் அவருக்குத் திறக்கவில்லை. துணைப் பாத்திரங்களே கிடைத்தன. பார்வையாளரின் நினைவில் அவர் இரட்டைப் பின்னல் போட்ட சிறுமியாகவே உறைந்துபோனார். அவருடைய பெயரைச் சற்றுக் கவனியுங்கள். நாட்டியத்தால் புகழ்பெற்ற பத்மினி ஒருவர் திரையில் கோலோச்சிய காலத்தில், சிறுமியான இவருடைய பெயருக்கு முன் ‘குட்டி’ ஒட்டிக்கொண்டது. அறுபது வயதைக் கடந்த பின்னும் அச்சொல் அவரை விட்டு அகலவில்லை. ஒருவர் பெற்றெடுத்து, வளர்த்து, தொழில் நடத்தி, பலருக்கு வேலை கொடுத்த பின்னும், ஒன்பது வயதில் செய்த வேலையின் முத்திரை பெயரிலேயே பொறித்திருக்கிறது.

தொலைக்காட்சி அவருக்கு மறுவாழ்வு தந்தது. தனியார் தொலைக்காட்சிகள் தமிழில் பெருகத் தொடங்கிய பின், தொடர் தயாரிப்பு ஒரு புதிய தொழிலாக வளர்ந்தது. பெருமுதல் கொண்ட பட நிறுவனங்கள் அதனை முதலில் பொருட்படுத்தவில்லை. ஆகவே திரைத்துறையில் ஓரத்துக்குத் தள்ளப்பட்டவர்கள், குறிப்பாகப் பெண்கள், அங்கே கால் ஊன்ற முடிந்தது. குட்டி பத்மினி தயாரித்த ‘கிருஷ்ணதாசி’ 2000இல் சன் தொலைக்காட்சியில் வந்தது. இந்திரா சௌந்தர்ராஜனின் கதை; முதுமைப் பருவத்தில் ஜெமினி கணேசன் நடித்தார். தேவதாசி மரபில் பிறந்த பெண்ணுக்குச் சமுதாயம் மறுத்த மதிப்பே அத்தொடரின் பொருள். 2015இல் அவர் தயாரிப்பில் கலைஞர் தொலைக்காட்சியில் ‘ராமானுஜர்’ வந்தது; எழுதியவர் அப்போது தொண்ணூறு வயதைக் கடந்திருந்த மு. கருணாநிதி. கடவுள் மறுப்பாளர் ஒருவர், சாதி வேற்றுமையைக் கோயிலுக்குள் நின்று எதிர்த்த வைணவ ஆசாரியரின் கதையை எழுதினார் என்பது அக்காலத்தில் பெரிதும் பேசப்பட்டது.

இவ்விரு தொடர்களையும் மாமியார் மருமகள் சண்டையையே மூலதனமாகக் கொண்ட நூற்றுக்கணக்கான தொடர்களோடு ஒப்பிட்டால், பொருள் தேர்வில் அவருக்கிருந்த நாட்டம் புலனாகும். அதே வேளையில் நாள்தொடர் என்னும் வடிவத்தின் குறைபாடுகள் இவற்றுக்கும் உண்டு. நாளொன்றுக்கு ஓர் அத்தியாயம் என்ற ஓட்டத்தில் ஒரு நிமிட உணர்ச்சி பத்து நிமிடமாக நீள்கிறது. விளம்பரத்துக்கு முன் ஒரு திடுக்கீடு, பின் ஓர் அழுகை என்று கதை துண்டாடப்படுகிறது. சீர்திருத்தக் கருத்து கூட அந்த அச்சில் வார்க்கப்பட்டு அழுகையாகவே வெளிவருகிறது. இது தனி ஒருவரின் திறமைக் குறைவால் நேர்வதன்று. விளம்பர நேரத்தை விற்றுப் பிழைக்கும் நிறுவனத்தின் தேவை கலை வடிவத்தை நிர்ணயிப்பதால் நேர்வது. உழைப்பாளியாகத் தொழிலுக்குள் நுழைந்தவர் தயாரிப்பாளராக உயர்ந்தார். ஆயினும் தொழிலின் விதிகளை எழுதும் கை வேறாகவே இருந்தது.

அவருடைய வாழ்க்கையில் மிக முக்கியமான செயல் இத்தொடர்களுள் ஒன்றன்று என்பது என் கருத்து. அது அவர் கூறிய ஒரு வாக்குமூலம். கேரளத் திரையுலகில் பெண்களின் நிலையை ஆராய 2017இல் அமைக்கப்பட்ட நீதிபதி ஹேமா குழுவின் அறிக்கை 2024 ஆகஸ்டில் வெளிவந்தபோது, தமிழ்த் திரை, தொலைக்காட்சி உலகைப் பற்றித் துணிந்து பேசியவர்களுள் குட்டி பத்மினியும் ஒருவர். குழந்தை நடிகையாக இருந்தபோதே தாம் பாலியல் தொல்லைக்கு ஆளானதாகவும், தம் தாயார் அதனை எடுத்துக் கேட்டபோது இந்திப் படமொன்றிலிருந்து தாம் நீக்கப்பட்டதாகவும் அவர் வெளிப்படையாகக் கூறினார். இதற்கு முன், 2018இல் டெய்சி இரானி பேசியிருந்தார். 1950களில் சிறுவன் வேடங்களில் இந்தியாவே கொண்டாடிய சிறுமி அவர். 1957இல் வந்த ‘யார் பையன்’ என்ற தமிழ்ப் படத்திலும் நடித்தவர். ஆறு வயதில், சென்னையில் படப்பிடிப்புக்குச் சென்றிருந்தபோது, தமக்குக் காவலாக அனுப்பப்பட்டவனே தம்மைப் பாலியல் வன்முறைக்கு உட்படுத்தினான் என்று அவர் அறுபதாண்டு கழித்துச் சொன்னார்.

இவ்விரண்டு கூற்றுகளையும் செய்தித்தாள்கள் பரபரப்பாக வெளியிட்டு மறந்தன. நாம் மறத்தலாகாது. குட்டி பத்மினியின் கூற்றிலுள்ள இரண்டாவது பகுதியைக் கவனிக்க வேண்டும். தாய் முறையிட்டார், குழந்தை வேலையிலிருந்து நீக்கப்பட்டது. முறையிட்ட தொழிலாளியை வெளியேற்றுவது எந்தத் தொழிற்சாலையிலும் முதலாளி கையாளும் பழைய தந்திரம். தெய்வமென்று கொண்டாடப்பட்ட குழந்தை, வாய் திறந்த கணத்தில், கூலியாள் என்ற உண்மை நிலைக்கு இறக்கப்பட்டது. அக்கணத்தில் படமுதலாளிக்குத் தெரிந்திருந்த உண்மை, மழலையை மெச்சிய விமரிசகர்களுக்கு மட்டும் தெரியவில்லை!

அமெரிக்காவில் இவ்வுண்மை சட்ட வடிவம் பெற்றதற்கும் ஒரு குழந்தை நடிகரே காரணமானார். 1921இல் சாப்ளினின் ‘தி கிட்’ படத்தில் அநாதைச் சிறுவனாக உலகை அழவைத்த ஜாக்கி கூகன் பல இலட்சம் டாலர் சம்பாதித்தார். வயது வந்தபின் பார்த்தால் பணத்தின் பெரும்பகுதியைத் தாயும் மாற்றாந்தந்தையும் செலவழித்துவிட்டிருந்தனர். 1938இல் அவர் வழக்குத் தொடுத்தார். கைக்குக் கிடைத்தது ஏறத்தாழ 1,26,000 டாலர். பெற்ற பிள்ளையின் உழைப்பூதியம் சட்டப்படி பெற்றோருக்கே சொந்தம் என்ற நிலை அப்போதுதான் பொதுமக்களுக்கு உறைத்தது. 1939இல் கலிபோர்னியாவில் குழந்தை நடிகர்களின் வருமானத்தில் ஒரு பங்கை ஒதுக்கிவைக்கும் சட்டம் பிறந்தது. கூகனும் வளர்ந்து, தலை வழுக்கையாகி, 1964 முதல் 1966 வரை தொலைக்காட்சித் தொடரொன்றில் நகைச்சுவை வேடத்தில் மீண்டும் புகழ்பெற்றார்.

இந்தியாவில் குழந்தைத் தொழிலாளர் சட்டம் 1986இல் வந்தது. 2016இல் அது திருத்தப்பட்டபோது பதினான்கு வயதுக்குட்பட்டோரை வேலைக்கு அமர்த்துவது பொதுவாகத் தடைசெய்யப்பட்டது. சினிமா, தொலைக்காட்சி, விளம்பரம் ஆகியவற்றில் நடிக்கும் குழந்தைகளுக்கு மட்டும் நிபந்தனையுடன் விலக்களிக்கப்பட்டது. சர்க்கசுக்கு அவ்விலக்கு இல்லை. 2017இல் வெளியான விதிகள் நிபந்தனைகளை வகுத்தன: நாளொன்றுக்கு ஐந்து மணிக்கு மேல் வேலையில்லை, ஓய்வின்றித் தொடர்ந்து மூன்று மணிக்கு மேலில்லை, தொடர்ச்சியாக 27 நாட்களுக்கு மேலில்லை, மாவட்ட நீதவானின் அனுமதி வேண்டும், ஐந்து குழந்தைகளுக்கு ஒருவர் பொறுப்பாயிருத்தல் வேண்டும், வருமானத்தில் குறைந்தது 20 சதவீதம் குழந்தையின் பெயரில் வங்கியில் வைப்பிலிடப்பட வேண்டும். குட்டி பத்மினி வெற்றிடத்தைப் பார்த்து வசனம் பேசி 52 ஆண்டுகள் கழித்தே இவ்வரிகள் எழுதப்பட்டன. விதி எழுதப்பட்டது நன்று. ஆயினும் விதியை நடைமுறைப்படுத்த மக்களின் விழிப்பு வேண்டும். குழந்தை செய்வது வேலையே என்று மக்கள் கருதாதவரை விதி காகிதமாகவே கிடக்கும். மீதி 80 சதவீதம் யாருடையது என்ற கேள்வியும் எஞ்சி நிற்கிறது.

சிலர் மறுத்துரைப்பர். குழந்தைகள் நடிப்பதை விரும்புகின்றனவே. கலைத்திறன் இளமையிலேயே வெளிப்பட வேண்டாவா. வறிய குடும்பமாயின் அவ்வருமானம் உதவாதா என்பர். விரும்பிச் செய்யும் வேலையும் வேலையே. ஆசிரியத் தொழிலை விரும்பிச் செய்யும் நாம் சம்பளத்தைத் திருப்பிக் கொடுப்பதில்லை. வறுமையைப் போக்குவது சமுதாயத்தின் பொறுப்பு. அதனை ஒன்பது வயதுப் பெண்ணின் முதுகில் ஏற்றுவது சமுதாயத்தின் தோல்வி. கலைத்திறன் இளமையிலேயே மலர வேண்டும் என்பதை நானும் ஏற்கிறேன். எங்கள் மட்டக்களப்புப் பிரதேசத்துக் கூத்தில் இளைஞரும் சிறுவரும் அண்ணாவியாரிடம் மாதக்கணக்கில் ஆட்டமும் பாட்டும் பயில்வர், ஊரார் முன்னிலையில் சலங்கை கட்டுவர், அரங்கேறுவர். கூத்து முடிந்த மறுநாள் அவர்கள் வயலுக்கோ பாடசாலைக்கோ திரும்பிவிடுவர். ஊரே பார்த்திருக்க, ஊருக்குள்ளேயே பயின்று, ஊருக்கே ஆடிய கலை அது. கூத்தின் சாதிக் கட்டுகளையும் பெண்களை விலக்கிவைத்த குறையையும் நாம் அறிவோம், அவற்றைப் பாராட்டுவதற்கில்லை. ஆனால் ஒரு சிறுவனின் ஆட்டத்தை விலைப்பொருளாக்காமலே அவனைக் கலைஞனாக்க இயலும் என்பதற்கு அது ஒரு சான்று.

இவையனைத்தும் சென்னைக்கும் மும்பைக்கும் உரிய செய்திகள், நற்பிட்டிமுனையில் இருப்போருக்கு என்ன என்று எண்ணுதல் கூடாது. குழந்தை உழைப்பை நாம் அறியாதவரல்லர். வேளாண்மைக் காலத்தில் வயற்காவலுக்குப் போன பிள்ளையையும், மருதமுனைத் தறிகளுக்கு நூல் சுற்றிக் கொடுத்த பிள்ளையையும், கல்முனைக் கடற்கரையில் கரைவலைக் கயிற்றைப் பிடித்த பிள்ளையையும் இப்பிரதேசத்து ஆசிரியர் எவரும் வரவுப் பதிவேட்டின் வெற்றுக் கட்டங்களில் கண்டிருப்பர். அவ்வுழைப்பை உழைப்பென்றே அழைத்தோம். பிள்ளையைப் பாடசாலைக்கு அழைத்துவர முயன்றோம். அதே பிள்ளை திரையில் அழுதால் மட்டும் உழைப்பு என்ற சொல் நமக்கு ஏன் மறந்துபோகிறது? இன்று தமிழகத் தொடர்கள் நம் இல்லங்களுக்குள் மாலைதோறும் வருகின்றன. அவற்றில் குழந்தைகள் கடத்தப்படுகின்றனர், நஞ்சூட்டப்படுகின்றனர், தாயைத் தேடிக் கதறுகின்றனர். பாட்டுப் போட்டிகளில் தோற்ற குழந்தையின் கண்ணீரை அண்மைக்காட்சியில் காட்டி விளம்பரம் விற்கின்றனர். கைத்தொலைபேசி வந்தபின் படப்பிடிப்புக் கூடமே வீட்டுக்குள் புகுந்துவிட்டது. பிள்ளையின் குறும்பைப் படம்பிடித்து உலகுக்குக் காட்டிக் காசு பார்க்கும் பெற்றோர் எல்லா ஊர்களிலும் பெருகுகின்றனர். அங்கே ஐந்து மணி விதியுமில்லை; 20 சதவீதமுமில்லை; கண்காணிக்க எவருமில்லை.

இலங்கை சிறுவர் உரிமைகள் பற்றிய ஐக்கிய நாடுகள் சமவாயத்தை 1991இல் ஏற்றுக்கொண்ட நாடு. 1998ஆம் ஆண்டின் சட்டத்தால் தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகார சபையை அமைத்த நாடு. வேலைக்கு அமர்த்தக்கூடிய குறைந்த வயதை 2021இல் பதினான்கிலிருந்து பதினாறாக உயர்த்திய நாடு. பொருளாதாரச் சுரண்டலிலிருந்து காக்கப்படும் உரிமையும், ஓய்வுக்கும் விளையாட்டுக்குமான உரிமையும் அச்சமவாயத்தில் அடுத்தடுத்து எழுதப்பட்டுள்ளன. இவ்வுரிமைகளைப் பாடப்புத்தகத்தில் கற்பிக்கும் நாம், மாணாக்கர் மாலையில் பார்க்கும் திரையிலும் அவற்றைப் பொருத்திப் பார்க்கக் கற்பிக்க வேண்டும். ‘இக்காட்சியில் அழுகிற பிள்ளையை எவ்வாறு அழவைத்திருப்பர்? எத்தனை முறை அழவைத்திருப்பர்?’ என்ற இரண்டு கேள்விகளை வகுப்பில் கேட்டுப் பாருங்கள். மாணாக்கர் அதுவரை பார்த்த காட்சியை அதற்குப்பின் வேறு கண்ணால் பார்ப்பர்.

விமரிசகர்க்கும் இதிலே கடமையுண்டு. குழந்தை நடிகரின் நடிப்பை நடிப்பென்று மதித்து ஆராய வேண்டும். அதன் நுட்பத்தைச் சொல்ல வேண்டும். அதனைச் சாத்தியமாக்கிய சூழ்நிலையையும் கேட்க வேண்டும். ‘குழந்தையும் தெய்வமும்’ படத்தை இன்று மீண்டும் காண்போர், இரு சகோதரிகளும் அருகருகே நின்று பேசும் காட்சிகளைக் கூர்ந்து நோக்குக. அங்கே நிற்பவள் ஒருத்தியே. வெறுமையைப் பார்த்து அன்பு காட்டவும், இல்லாத குரலுக்குச் செவிசாய்க்கவும், தான் பேசியதற்குத் தானே மறுமொழி கூறவும் பழகிய அச்சிறுமி திறமைமிக்க கலைத் தொழிலாளி. மாலை சூட்டுவதற்கு முன் அவளுக்குக் கொடுக்க வேண்டிய கணக்கு ஒன்று நிலுவையில் இருக்கிறது. அந்தக் கணக்கைக் கேட்கும் சமுதாயமே குழந்தையை உண்மையாகக் கொண்டாடும் சமுதாயமாகும்.